காலத்துக்கு யார் பெயரில் பட்டா?

1895 அக்டோபர் 24 அன்று லண்டன் பேட்டன்ட் அலுவலகத்தில் ஒரு விண்ணப்பம் பதிவானது. எண் 19984. விண்ணப்பித்தவர் ராபர்ட் பால். வயது 26. ஹாட்டன் கார்டன் பகுதியில் பட்டறை வைத்து மின் கருவிகள் செய்துகொண்டிருந்தவர். அவர் உரிமை கேட்டது ஒரு கால யந்திரத்துக்கு.

அதே ஆண்டில்தான் எச்.ஜி. வெல்ஸின் 'தி டைம் மெஷின்' நாவல் புத்தகமாக வந்திருந்தது. பாலின் யோசனை அதிலிருந்து பிறந்தது. ஆட்களை ஒரு மேடையில் உட்கார வைக்க வேண்டும். அடியில் உள்ள கிராங்குகள் மேடையை மெல்ல ஆட்டும். முகத்தில் காற்று வந்து அடிக்கும். இருட்டில் இருப்பவர்களுக்கு எங்கோ பறந்துபோவது போலத் தோன்றும். யந்திரம் 'நின்றதும்' எதிரே ஒளிப்படத் தகடுகளாலும் ஓடும் படங்களாலும் கடந்த காலமோ வருங்காலமோ விரியும். பார்த்து முடித்தவர்களை நிகழ்காலத்துக்குத் திரும்பக் கொண்டுவந்து விட்டுவிடுவார்கள். இப்போது மால்களில் நாற்காலியை உலுக்கி, முகத்தில் தண்ணீர் தெளித்துக் காசு வாங்குகிறார்களே, கிட்டத்தட்ட அதுதான்.

பாலுக்கு உரிமைச் சட்டத்தின் ஓட்டைகள் அனுபவத்தில் தெரியும். 1894இல் கிரேக்க வியாபாரிகள் இருவர் அவரிடம் வந்து, எடிசனின் கினிட்டாஸ்கோப் பெட்டியைப் போலவே செய்து தரச் சொன்னார்கள். விசாரித்தால், எடிசன் அதை இங்கிலாந்தில் பதிவே செய்யவில்லை. அப்புறம் என்ன, தாராளமாகச் செய்து விற்றார். அப்படிப்பட்ட ஆள் தன்னுடைய யோசனையைச் சும்மா விடுவாரா? ஓடிப்போய்ப் பதிந்துவிட்டார். ஆனால் பதிந்தது தற்காலிக விவரணை மட்டும். அதற்குப் பிறகு கொடுக்க வேண்டிய முழு விவரணையை அவர் கொடுக்கவேயில்லை. அந்த டிசம்பரில் லூமியர் சகோதரர்கள் பாரிஸில் காசு வாங்கிப் படம் காட்டினார்கள். 1896 பிப்ரவரியில் பாலும் சொந்தமாகச் செய்த புரொஜெக்டரைக் காட்டினார். சினிமா அவரை இழுத்துக்கொண்டது. கால யந்திரத்துக்கான விண்ணப்பம் காலாவதியாகிப் போனது.

இதைப் படித்ததிலிருந்து எனக்கு ஒரே ஒரு கேள்வி. அந்த யந்திரம் நிஜமாகவே வேலை செய்திருந்தால்? அதற்கு எந்தச் சட்டத்தின் கீழ் யார் பெயரில் உரிமை எழுதிக் கொடுப்பது? நான் சட்டம் படித்தவன் இல்லை. ஆனாலும் ஒரு நோட்டை எடுத்து, 'கால யந்திரங்கள் (உரிமை) சட்டம்' என்று தலைப்புப் போட்டு, விளையாட்டாகப் பிரிவு பிரிவாக எழுதிப் பார்த்தேன். எழுத எழுத ஒன்று புரிந்தது. நான் கற்பனை என்று நினைத்த ஒவ்வொரு சிக்கலிலும் ஏற்கெனவே யாரோ நிஜமாக மாட்டிக்கொண்டு அடித்துக்கொண்டிருக்கிறார்கள். அதுவும் காலத்தை அளக்கும் கருவிகளைச் செய்தவர்கள்தான் அப்படி அடித்துக்கொண்டார்கள்.

*

முதலில் பேட்டன்ட் என்ற ஏற்பாட்டைக் கொஞ்சம் பார்த்துவிடுவோம். 1474இல் வெனிஸ் நகர அரசு ஒரு சட்டம் போட்டது. புதிய, நுட்பமான கருவி ஒன்றைச் செய்து பதிபவருக்கு 10 ஆண்டுகளுக்கு அதன் மேல் தனி உரிமை. 1624இல் இங்கிலாந்தின் ஏகபோகச் சட்டம் 'முதலாவதும் உண்மையானதுமான கண்டுபிடிப்பாளருக்கு' 14 ஆண்டுகள் கொடுத்தது. நம் நாட்டில் இன்று விண்ணப்பித்த நாளிலிருந்து 20 ஆண்டுகள்.

இது ஒரு பேரம். உன் ரகசியத்தை ஊருக்குச் சொல்லு, பதிலுக்கு இத்தனை ஆண்டுகள் வேறு யாரும் அதைச் செய்யாமல் பார்த்துக்கொள்கிறோம். கெடு முடிந்ததும் அது எல்லோருக்கும் சொந்தம். நிலத்துக்குப் பட்டா போட்டால் நான்கு பக்கமும் எல்லை எழுதுவார்கள். கண்டுபிடிப்புக்கு இரண்டே எல்லைக்கல். ஒன்று, நீ முதலில் வந்த தேதி. இன்னொன்று, உன் உரிமை முடியும் தேதி. இரண்டுமே காலத்தில் நட்ட கற்கள்.

இந்த நிலத்தில் ஒரு கால யந்திரத்தை ஓட்டிப் பாருங்கள்.

ஒருத்தி 2040இல் யந்திரத்தைச் செய்து பதிகிறாள் என்று வையுங்கள். 2045இல் ஒருவன் கடையில் அதை வாங்கி, அதிலேயே ஏறி, 2039க்குப் போய்த் தன் பெயரில் பதிந்துவிடுகிறான். முதலில் வந்தவன் யார்? காகிதப்படி அவன். அவளால் என்ன செய்ய முடியும்? அவள் 2038க்குப் போவாள். அவன் 2037க்கு. பதிவு அலுவலகம் திறந்த முதல் நாள் காலைவரை இரண்டு பேரும் வரிசையில் முண்டியடித்துக்கொண்டு போக வேண்டியதுதான்.

அடுத்தது புதுமை. ஏற்கெனவே உலகுக்குத் தெரிந்த பொருளுக்கு பேட்டன்ட் கிடையாது. யந்திரத்தில் ஏறி ஒரு நூறாண்டு பின்னால் போய், சந்தையில் நாலு பேர் பார்க்க இறங்கினால் போதும். அது நூறாண்டு முன்பே உலகம் பார்த்த பொருளாகிவிடும். வேலை செய்கிறதா என்று சோதித்துப் பார்த்தாலே உரிமை போய்விடும் ஒரே கண்டுபிடிப்பு இதுதான்.

இன்னொன்றும் உண்டு. கிழவியான அவளே பின்னால் வந்து, இளவயதில் இருக்கும் தன்னிடம் வரைபடத்தைக் கொடுத்துவிட்டுப் போனால்? அதைப் பார்த்துத்தான் அவள் செய்தாள், செய்ததால்தான் கிழவியிடம் அந்த வரைபடம் இருந்தது. அப்படியானால் அந்த யோசனை யாருக்குத் தோன்றியது? யாருக்குமே தோன்றவில்லை. 1624இன் 'உண்மையான கண்டுபிடிப்பாளர்' என்ற சொல்லுக்குப் பொருந்த உலகத்தில் ஆளே இல்லை.

இவ்வளவும் முன்பக்கத்து எல்லைக்கல். பின்பக்கத்துக் கல்லும் நிற்காது. உரிமைக்கு 20 ஆண்டுகள்தானே? போட்டிக்காரன் 21ஆம் ஆண்டுக்குப் போய், அங்கே எவன் வேண்டுமானாலும் செய்யும் மலிவு யந்திரத்தை வாங்கிக்கொண்டு திரும்பிவிடுவான். அவன் அதை வாங்கிய இடத்தில் அது சட்டப்படி சுத்தமான சரக்கு.

*

'சரி, இதெல்லாம் கதை' என்று நீங்கள் சொல்லலாம். நம்முடைய 1970ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டமும் அதையேதான் சொல்லும். இயற்கையின் நிலைநாட்டப்பட்ட விதிகளுக்கு அப்பட்டமாக முரணானதைக் கோரினால் அது கண்டுபிடிப்பே இல்லை என்கிறது அதன் 3(ஏ) பிரிவு. கிண்டியில் இருக்கும் பேட்டன்ட் அலுவலகத்தில் கால யந்திரத்துக்கு மனுப் போட்டால் அந்த ஒரு வரியிலேயே திரும்பி வந்துவிடும்.

ஆனால் முதல் தேதிக்கான சண்டை கதை இல்லை. அது 1675இல் நடந்தது.

கிறிஸ்டியான் ஹைகன்ஸ் டச்சுக்காரர், மேதை. 1656இன் இறுதியில் ஊசல் கடிகாரத்தை உருவாக்கினார். வடிவம் அவருடையது, செய்த கை சாலமோன் கோஸ்டர் என்ற ஹேக் நகரக் கடிகாரக்காரருடையது. 1657 ஜூன் 16 அன்று நெதர்லாந்து அரசு அதற்கு 21 ஆண்டு உரிமை கொடுத்தது. கோஸ்டர் பெயரில். இரண்டே ஆண்டில் கோஸ்டர் இறந்துவிட்டார். அதற்குள் ரோட்டர்டாமில் சைமன் டோவ் என்பவர் தன்னுடையது வேறு வகை என்று சொல்லி ஊசல் கடிகாரம் செய்யக் கிளம்பி, வழக்கும் வந்துவிட்டது. கடிகாரம் பிறந்து இன்னும் இரண்டு ஆண்டு ஆகவில்லை.

ஊசல் கப்பலில் உதவாது. அலையில் கப்பல் ஆடினால் ஊசலும் தாறுமாறாக ஆடும். சட்டைப்பையில் வைக்கும் கடிகாரத்துக்கும் அது ஆகாது. அதற்கு வேறு ஒன்று வேண்டும். கடிகாரம் பழுது பார்ப்பவர்கள் ஹேர் ஸ்பிரிங் என்பார்கள், மயிரிழை போன்ற சுருள்வில். 1675 ஜனவரியில் பாரிஸிலிருந்த ஹைகன்ஸுக்கு அது பிடிபட்டது. பேலன்ஸ் சக்கரத்தின் அச்சில் ஒரு சுருள்வில்லை மாட்டினால், அது சுருங்கி விரிந்து சக்கரத்தைச் சீராக ஆட்டும்.

உடனே அவர் செய்த காரியத்தைக் கவனியுங்கள். லண்டன் ராயல் சொசைட்டியின் செயலர் ஹென்றி ஓல்டன்பர்க்குக்கு ஒரு கடிதம் போட்டார். அதில் கண்டுபிடிப்பு இருந்தது, ஆனால் கலைத்துப் போட்ட எழுத்துகளாக. ஒழுங்காக அடுக்கினால், அசையும் வட்டத்தின் அச்சு இரும்புச் சுருளின் நடுவில் பொருத்தப்பட்டிருக்கிறது என்று பொருள் தரும் லத்தீன் வாக்கியம் வரும். ரகசியத்தையும் சொல்லவில்லை, தேதியையும் பிடித்துக்கொண்டார். பிறகு எவனாவது 'நான்தான் முதலில்' என்று வந்தால் கடிதத்தை எடுத்துக் காட்டலாம். இந்த எழுத்துப் பூட்டுக்கு ஒரே வேலைதான், காலத்தில் ஒரு எல்லைக்கல் நடுவது.

பாரிஸில் அவருக்கு மாதிரி செய்து கொடுத்தவர் ஐசக் துரே. அவர் தனக்கும் ஒன்று செய்துகொண்டு, கண்டுபிடிப்பில் எனக்கும் பங்குண்டு என்று கிளம்பினார். பெரும் சண்டையாகி, கடைசியில் மன்னிப்புக் கேட்டு எழுத வேண்டியிருந்தது. யோசனை ஒருவருடையது, அதை நடக்க வைக்கும் விரல் இன்னொருவருடையது. சட்டத்தில் யோசனைக்குத் தேதி உண்டு, விரலுக்கு இல்லை.

லண்டனில் இன்னும் மோசம். ராபர்ட் ஹூக் கொதித்துப் போனார். நான் இதைப் பல ஆண்டுகளுக்கு முன்பே செய்துவிட்டேன், ஓல்டன்பர்க் எங்கள் சங்கத்து ரகசியத்தை வெளிநாட்டுக்கு விற்றுவிட்டார் என்று கத்தினார். ஓல்டன்பர்க்குக்கும் இதில் லாபம் இருந்தது. இங்கிலாந்தில் உரிமை வாங்கிக்கொள்ளும் வாய்ப்பை ஹைகன்ஸ் அவருக்குத்தான் கொடுத்திருந்தார். ஹூக் சும்மா இருக்கவில்லை. தாமஸ் டாம்பியன் என்ற கைதேர்ந்த கடிகாரக்காரரை வைத்து மன்னர் இரண்டாம் சார்லஸுக்கு ஒரு கடிகாரம் செய்துகொடுத்தார். அதில் லத்தீனில் பொறித்திருந்தது இது: ராபர்ட் ஹூக் கண்டுபிடித்தது 1658, டாம்பியன் செய்தது 1675. நடுவில் 17 ஆண்டுகள். கடந்த காலத்துக்கு ஆள் அனுப்ப முடியாதவர் கடிகாரத்தின் உடம்பில் பழைய தேதியைப் பொறித்து அனுப்பினார்.

அவ்வளவு முன்பே செய்தவர் ஏன் அப்போதே பதியவில்லை? 1660களில் நண்பர்கள் அவருக்காக ஒரு பேட்டன்ட் வரைவைத் தயாரித்தார்கள். அதில் ஒரு நிபந்தனை இருந்தது. இதை யாராவது இன்னும் மேம்படுத்தினால், எஞ்சிய காலத்துக்கான பலன் அவருக்குப் போகும். ஹூக் மாட்டேன் என்று விட்டார். யாருக்கும் காட்டாமல் பூட்டி வைத்துக்கொண்டார். பின்னால் வரப்போகும் எவனோ ஒருவனுக்குப் பயந்து தன் தேதியைத் தானே இழந்தார்.

முடிவில் இங்கிலாந்தில் ஹேர் ஸ்பிரிங்குக்கு யாருக்குமே பேட்டன்ட் கிடைக்கவில்லை. உலகம் ஹைகன்ஸை நம்பியது. ஹூக்கைப் பொறாமைக்காரர் என்றது. அவர் 1703இல் இறந்தார்.

அப்புறம் 2006. இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயரில் ஒரு வீட்டு அலமாரியிலிருந்து 500 பக்கங்களுக்கு மேற்பட்ட கையெழுத்துக் கட்டு ஒன்று வெளியே வந்தது. ஹூக்கின் கைப்பிரதி. ராயல் சொசைட்டி கூட்டக் குறிப்புகளிலிருந்து அவர் எடுத்துவைத்தவை. ஏலத்துக்குப் போகும் கடைசி நேரத்தில் சுமார் பத்து லட்சம் பவுண்ட் கொடுத்து ராயல் சொசைட்டியே வாங்கியது. உள்ளே ஓல்டன்பர்க்கின் கையெழுத்திலேயே ஒரு தொலைந்துபோன தாள். ஸ்பிரிங்கால் கட்டுப்படும் கடிகாரம் ஒன்றை ஹூக் 1670இலேயே சங்கத்தில் காட்டினார் என்கிறது அது. ஹைகன்ஸின் கடிதத்துக்கு ஐந்து ஆண்டுகள் முன்பு. அவருடைய சுருள்வில்லும் இதுவும் ஒன்றேதானா என்று வாதிடலாம். ஆனால் ஹூக் வெறும் வாய்ச்சவடால்காரர் இல்லை என்பதற்கு, அவர் இறந்து 303 ஆண்டுகள் கழித்து, அவருடைய எதிராளியின் கையெழுத்திலேயே சாட்சி வந்து நின்றது.

இதற்கு எந்தக் கோர்ட்டில் தீர்ப்பு வாங்குவது? எங்குமே முடியாது. சொத்து வழக்குகளுக்குக் கெடு வைத்திருக்கிறார்கள். நம் ஊரில் நிலத்தை மீட்க வேண்டுமென்றால் 12 ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். அதற்கு மேல் போனால் மூலப்பத்திரத்தையே கொண்டுபோனாலும் கதவு பெரும்பாலும் மூடித்தான் இருக்கும். கொடுமையாகத் தெரியும். ஆனால் கடந்த காலம் எப்போது வேண்டுமானாலும் எழுந்து வந்து சாட்சி சொல்லலாம் என்றால், உலகத்தில் ஒருத்தர் வீட்டுக்கும் பட்டா நிலைக்காது. உண்மை மிச்சம் இருந்தாலும் நேற்று முடிந்துவிட்டது என்று சொல்லித்தான் சட்டம் நடக்கிறது. ஹூக்கைப் போன்றவர்கள்தான் அதற்கு விலை கொடுக்கிறார்கள்.

அமெரிக்கர்கள் கொஞ்ச காலம் இதை ஒத்துக்கொள்ளவில்லை. முதலில் பதிந்தவரை விட, உண்மையில் முதலில் கண்டுபிடித்தவருக்கே உரிமை என்று வைத்திருந்தார்கள். அதனால் அங்கே ஆய்வாளர்கள் நோட்டுப் புத்தகத்தில் பக்கத்துக்குப் பக்கம் தேதி போட்டு, சாட்சிக் கையெழுத்தும் வாங்கி வைப்பார்கள். வழக்கு வந்தால் பழைய நோட்டுகளைக் கிளறி, யாருக்கு எந்த நாளில் தோன்றியது என்று தேடுவார்கள். 2013 மார்ச் 16 முதல் அவர்களும் விட்டுவிட்டார்கள். இனி முதலில் விண்ணப்பித்தவருக்கே. மனசுக்குள் யோசனை பிறந்த நேரத்தைத் தேடுவதை விட, கவுண்டரில் முத்திரை விழுந்த நேரத்தைப் பார்ப்பது சுலபம்.

*

என் கற்பனைச் சட்டத்துக்கு வருகிறேன். இரண்டு கல்லும் போய்விட்டால், தேதியை வைத்து உரிமை கொடுக்க முடியாது. வேறு எதை வைத்துக் கொடுப்பது? இதற்கும் கடிகாரக்காரர் ஒருவரே விடை வைத்திருக்கிறார்.

1714இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் கடலில் தீர்க்கரேகையைக் கணக்கிட வழி சொல்பவருக்கு 20,000 பவுண்ட் வரை பரிசு என்று சட்டம் போட்டது. கிளம்பிய துறைமுகத்தின் நேரம் கப்பலில் பிசகாமல் தெரிந்தால், உள்ளூர் உச்சிப்பொழுதோடு ஒப்பிட்டு எவ்வளவு கிழக்கே, எவ்வளவு மேற்கே வந்திருக்கிறோம் என்று சொல்லிவிடலாம். தச்சரின் மகன் ஜான் ஹாரிசன் தன் வாழ்நாளையே அதில் போட்டார். அவருடைய நான்காவது கடிகாரம் சுமார் 13 சென்டிமீட்டர் அகலம். உள்ளே பேலன்ஸ் சக்கரமும் அதே சுருள்வில்லும். 1764இல் பார்படோஸுக்குப் போன சோதனைப் பயணத்தில் 47 நாட்களில் 40 விநாடிகூடப் பிசகவில்லை. பரிசுக்குத் தேவையானதைவிடச் சுமார் மூன்று மடங்கு துல்லியம்.

அப்படியும் பணம் வரவில்லை. 1765இல் புதுச் சட்டம் வந்தது. முதலில் கடிகாரத்தைப் பிரித்து ரகசியத்தைச் சொல், பாதிப் பணம். மற்றவர்களாலும் இதைச் செய்ய முடியும் என்று நிரூபித்தால் மீதி. 72 வயதில் ஹாரிசன் தன் வீட்டிலேயே ஒரு குழுவின் முன்னால் அதை ஒவ்வொரு பாகமாகக் கழற்றி விளக்கினார். கடிகாரங்களையும் ஒப்படைக்கச் சொன்னார்கள். அதன் விளக்கம் 1767இல் அச்சாகி வெளிவந்தது. லார்கம் கெண்டல் என்பவர் அச்சுஅசலாக ஒரு நகல் செய்தார். அதைத்தான் கேப்டன் குக் தன் இரண்டாவது பயணத்தில் கொண்டுபோய், திரும்பி வந்து வாயாரப் புகழ்ந்தார். ஹாரிசனுக்கு 1773இல், 80 வயதில், மன்னர் தலையிட்ட பிறகு நாடாளுமன்றம் 8,750 பவுண்ட் கொடுத்தது. மூன்று ஆண்டில் அவர் இறந்தார்.

இந்த ஏற்பாட்டில் தேதிக்கு வேலையே இல்லை. யார் முதல் என்று கேட்கவில்லை, வேலை செய்கிறதா என்று கேட்டார்கள். எத்தனை ஆண்டு உரிமை என்ற பேச்சே எழவில்லை. விலை கொடுத்து வாங்கி, பிரித்துப் பார்த்து, எல்லோருக்கும் திறந்துவிட்டார்கள். 21ஆம் ஆண்டுக்குப் போய்த் திருடிவர ஒன்றுமில்லை, இன்றைக்கே அது பொது. பின்னால் போய்ப் பதிந்துகொள்ளவும் ஒன்றுமில்லை, பதிவேடே கிடையாது. கால யந்திரத்தால் உடைக்க முடியாத ஒரே உடைமை எல்லோருக்குமான உடைமைதான் என்று இதைப் பார்த்த பிறகுதான் எனக்குத் தோன்றியது.

அதனால் என் நோட்டிலிருந்த பிரிவுகளையெல்லாம் அடித்துவிட்டு ஒரே பிரிவாக எழுதினேன். கால யந்திரத்தை எவரும் தனியாக வைத்திருக்க முடியாது. செய்தவரிடமிருந்து மக்கள் அதை வாங்கிக்கொள்ள வேண்டும். வரைபடம் ஊரறிய அச்சாக வேண்டும்.

எழுதிவிட்டு நிம்மதியாக இருக்க முடியவில்லை. எல்லோருக்கும் என்று வாங்கும்போது செய்தவரைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள். ஹாரிசன் சட்டப்படி எல்லாம் செய்தார். பிரிக்கச் சொன்னபோது பிரித்தார், கொடுக்கச் சொன்னபோது கொடுத்தார். அவரிடமிருந்து அரசு கடைசியாக எடுத்துக்கொண்டது அவருடைய காலத்தைத்தான். அதை எந்த நாடாளுமன்றமும் திருப்பித் தர முடியாது. கோஸ்டர், துரே போன்ற விரல்காரர்களுக்கு அந்தப் பரிசுப் பட்டியலில்கூட இடம் இருந்ததில்லை.

ஆகவே அந்தப் பிரிவுக்குக் கீழே ஒரு உட்பிரிவைச் சேர்த்தேன். விலையைச் செய்தவர்கள் எல்லோருக்கும், வரைந்த கைக்கும் ராவிய கைக்கும், அவர்கள் உயிரோடு இருக்கும்போதே கொடுத்துவிட வேண்டும். யந்திரம் கையில் இருக்கிறது, எப்போது வேண்டுமானாலும் பின்னால் போய்க் கொடுத்துக்கொள்ளலாம் என்று எந்த அதிகாரியும் தள்ளிப்போடக் கூடாது.